அரியலூர்ல எடுத்த கல்லை அப்பா பூசையறையில வச்சிட்டாரு, இப்ப என்ன பண்றது?

கடைமடைக்காரன்:
எல்லாருக்கும் வணக்கம். ரொம்ப நாளா சும்மா படிச்சிட்டு மட்டும் போற ஆளு நான், இன்னிக்கி வீட்ல நடந்த கூத்தை எங்கயாவது கொட்டியே ஆவணும்னு எழுதறேன், நீளமா போச்சுன்னா பொறுத்துக்குங்க.

காலாண்டு லீவுல பொண்ணு (எட்டாவது படிக்குது) ப்ராஜெக்ட்டுன்னு சொல்லி அரியலூர் பக்கம் கூட்டிட்டு போவ சொல்லிச்சு. சரின்னு பைக்குலயே போனோம். காரை கிட்ட மண்ணு வெட்டு வெட்டா கிடக்குமே, அந்த பொட்டல்ல ரெண்டு மணி நேரம் வெயில்ல அலைஞ்சு ஒரு கல்லு எடுத்துச்சு. உள்ளங்கை அளவு, கெடா கொம்பு மாதிரி சுருண்டு சுருண்டு வரி வரியா. கொண்டாந்துட்டோம் (எடுக்கக் கூடாதுன்னு இப்பதான் தெரியுது, கீழ திட்டுவீங்கன்னும் தெரியும்).

வீட்டுக்கு வந்து திண்ணையில வச்சா அப்பா எடுத்துப் பாத்தாரு. அவருக்கு 74 வயசு, மன்னார்குடி ராஜகோபாலசாமிய விட்டா வேற பேச்சு கிடையாது. திருப்பி திருப்பி பாத்தாரு, ஒண்ணும் பேசல. அடிபம்புல கழுவி, துளசி ஒரு கொத்து கிள்ளிக்கிட்டு நேரா பூசையறைக்கு போயிட்டாரு. "சாளக்கிராமம்டா இது, சக்கரம் தெரியல ஒனக்கு?"

பொண்ணு சும்மா இருக்குமா. "தாத்தா அது கடல்ல இருந்த பிராணி, 10 கோடி வருஷத்துக்கு முன்னாடி செத்துப்போனது"ங்குது. அதுக்கு அவரு, "இருக்கட்டுமே, பெருமாள் மீனா வந்தாரு, ஆமையா வந்தாரு, நத்தையா வரக்கூடாதா?" இதுக்கு நான் என்னத்த சொல்றது. இந்த நேரம் பாத்து எதிர்வீட்டு அண்ணன் வந்தாரு, அவங்க சபைக்கு போறவங்க, "இது நோவா காலத்து வெள்ளத்துல மண்ணுக்குள்ள போனது தம்பி, வேதத்துலயே இருக்கு"ன்னுட்டு காபி குடிச்சிட்டு போனாரு.

ஆக மூணு பேருக்கும் இங்க ஒரு காலத்துல கடல் இருந்துச்சுங்கறதுல சந்தேகமே இல்ல. திரும்ப வரும்ங்கறதுலயும் இல்ல! அதுக்கப்பறம்தான் சண்டை. நம்ம நிலம் கடைமடை, போர் தண்ணி உப்பு ஏறிட்டே வருது, சிங்கப்பூர்ல இருக்கற தம்பி இறா குட்டைக்கு வித்துடலாம்ங்கறான். அப்பா, "கலி முத்திப்போச்சு, கடல் வரத்தான் போவுது, எழுதினதை மாத்த முடியாது, வித்துடு"ங்கறாரு. பொண்ணு, "கடல் வருதுன்னா ஏன் வருதுன்னு பாத்து ஏதாவது செய்யணும்ல, விக்கக் கூடாது"ங்குது. ரெண்டு பேருக்கும் ஒரே கல்லு, ஒரே கடல். நடுவுல நான் மாட்டிக்கிட்டேன். நீங்க எல்லாம் என்ன நெனைக்கிறீங்க?

கும்பகோணம்_சீனு:
முதல்ல அப்பாவை கேலி பண்றதை நிறுத்துங்க சார். அவர் சொன்னதுல பாதி சரி.

நம்ம டெல்டாவுல பிரளயம்ங்கறது எங்கேயோ நடந்த கதை இல்ல, பஸ்ஸு ஏறி பாத்துட்டு வரலாம். பிரளயத்துல பிரம்மாவோட கும்பம், உள்ள அமுதமும் சிருஷ்டி பீஜமும், மிதந்து வந்து தங்கின இடம் எங்க ஊரு, சிவபெருமான் வேடனா வந்து அம்பு விட்டு உடைச்சதுனாலதான் கும்பகோணம்னே பேரு. சீர்காழிக்கு போனா தோணியப்பர், ஊரெல்லாம் முழுகினப்ப தோணியில வந்தவரு. திருப்புறம்பியத்துல பிரளயம் காத்த விநாயகர், விநாயகர் சதுர்த்தி ராத்திரி தேன் அபிஷேகம் பண்ணுவாங்க பாருங்க, அத்தனை தேனும் உள்ளயே போயிடும். கடல் நுரையும் கிளிஞ்சலும் சேந்த திருமேனின்னு ஐதீகம். இருவது முப்பது மைலுக்குள்ள மூணு பிரளயக் கதை இருக்குன்னா இந்த ஜனங்களுக்கு தண்ணி வந்து போன ஞாபகம் எவ்வளவு ஆழமா இருக்கணும்!

கணக்கும் சொல்றேன். கலியுகம் 4,32,000 வருஷம், அதுல கி.மு. 3102ல ஆரம்பிச்சு 5,100 சொச்சந்தான் போயிருக்கு. துவாபரம் இதுல ரெண்டு மடங்கு, திரேதா மூணு, கிருதம் நாலு. எல்லாம் கூட்டினா 43,20,000. இப்படி ஆயிரம் போனா பிரம்மாவுக்கு ஒரு பகல், 432 கோடி வருஷம். பூமி வயசு விஞ்ஞானிங்க என்ன சொல்றாங்க? 454 கோடி. எவ்வளவு கிட்ட வருது பாருங்க! ஐரோப்பாவுல உலகத்துக்கே ஆறாயிரம் வயசுன்னு சொல்லிட்டிருந்தப்ப நம்மாளுங்க கோடியில பேசிட்டிருந்தாங்க. இன்னிக்கும் சங்கல்பம் பண்றப்ப ஸ்வேதவராஹ கல்பே, வைவஸ்வத மன்வந்தரே, கலியுகே பிரதமே பாதேன்னு காலத்துல நம்ம விலாசத்தை சொல்லிட்டுதானே உத்தரணியை எடுக்கறோம்.

ஆனா ஒண்ணு. கலி இன்னும் நாலு லட்சம் வருஷத்துக்கு மேல பாக்கி இருக்கறப்ப, முத்திப்போச்சுன்னு நிலத்தை விக்க சொல்றது மட்டும் கணக்குல வரல. அப்பாகிட்ட சொல்லுங்க, இப்பதான் முதல் பாதம்.

ஜியாலஜி_அக்கா:
அரியலூர் மருமவ நான், படிச்சது புவியியல், இந்த இழையை பாத்துட்டு தூக்கமே வரல.

தம்பி முதல்ல திட்டிடறேன். ஆளாளுக்கு ஒண்ணு எடுத்துட்டு போனா அங்க என்ன மிஞ்சும்? இனிமே போட்டோ எடுங்க, கல்லை எடுக்காதீங்க. வாரணவாசியில மியூசியமே இருக்கு, பிள்ளைய அங்க கூட்டிட்டு போங்க.

திட்டி முடிஞ்சுது. உங்க அப்பா சொன்னதை கேட்டு நான் எழுந்து நின்னு கைதட்டினேன், நெசமா. ஏன்னா நேபாளத்து கண்டகி ஆத்து சாளக்கிராமமும் அம்மோனைட்டுதான் (சுருள் ஓட்டோட கடல்ல இருந்து அழிஞ்சுபோன பிராணி, கல்லா ஆனது)! அது டெதிஸ்னு ஒரு கடல், இந்தியா போயி ஆசியாவை முட்டினதுல அந்த கடலோட அடிமண்ணு இமயமலையா எந்திரிச்சுது, அதுலேருந்து உருண்டு வர்ற கல்லு. நம்ம அரியலூர் கல்லு வேற கடலோடது. இந்தியாவும் அண்டார்டிகாவும் ஒட்டிக்கிட்டிருந்து பிரிஞ்சப்ப நடுவுல தண்ணி பூந்துச்சு, அது திருச்சி பக்கம் வரைக்கும் ஏறி வந்துச்சு, பின்வாங்கிச்சு, திரும்ப ஏறிச்சு. இப்படி கோடிக்கணக்குல வருஷம். காரை மண்ணு ஏறக்குறைய 10 கோடி வருஷம், பொண்ணு சரியாத்தான் சொல்லியிருக்கு. பக்கத்துல சாத்தனூர்ல கல்லாப் போன மரம் கிடக்குது, 18 மீட்டர் நீளம், கரையில இருந்த மரம் அடிச்சிட்டு போயி கடல் சேத்துல புதைஞ்சது. செந்துறை பக்கம் டைனோசர் முட்டை. கல்லமேடுல ஒரு ராட்சச டைனோசர் எலும்பு கிடைச்சு, பேரும் வச்சு, கடைசில எலும்பு பொடிப்பொடியா உதிர்ந்தே போச்சு, அதை நெனைச்சா இப்பவும் வயிறு எரியுது.

சீனு அண்ணே, உங்க கணக்குல ஒரு ஓட்டை. 432 கோடிங்கறது பிரம்மாவோட முழுப் பகல். நீங்க சொன்ன சங்கல்பத்துபடியே இந்தப் பகலோட 14 மன்வந்தரத்துல ஏழாவதுல, 28வது மகாயுகத்துலதான் (நாலு யுகமும் சேந்தா ஒரு மகாயுகம்) நிக்கறோம், அதாவது ஆரம்பிச்சு 197 கோடி வருஷம் சொச்சம். அப்ப 454ஓட எங்க பொருந்துது? ரெண்டு பெரிய நம்பர் கிட்ட கிட்ட இருக்குன்னு சந்தோஷப்பட்டுட்டு போக வேண்டியதுதான். எதிர்வீட்டு அண்ணனுக்கும் ஒண்ணு: ஒரே வெள்ளத்துல எல்லாம் புதைஞ்சிருந்தா எல்லாம் கலந்து கிடக்கணும். அங்க ஒவ்வொரு அடுக்குலயும் ஒவ்வொரு விதமான அம்மோனைட்டு, வரிசை மாறாது. எங்க வாத்தியார் சுருளைப் பாத்தே அடுக்கை சொல்லுவாரு.

ஆழிசூழ்_தமிழன்:
வெள்ளைக்காரன் சொன்னா கடல், தமிழன் சொன்னா கட்டுக்கதையா? இறையனார் களவியல் உரையிலயே தெளிவா இருக்கு, முதல் சங்கம் 4,440 வருஷம், இடைச்சங்கம் 3,700, கடைச்சங்கம் 1,850, மொத்தம் 9,990. முதல் ரெண்டு சங்கம் இருந்த ஊரும் கடல்கோள்ல போச்சு. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதின அடியார்க்கு நல்லார் கடல் கொண்டது 49 நாடுன்னு கணக்கு குடுக்கறாரு, பஃறுளி ஆறு, குமரிக்கோடு. பூம்புகார் மட்டும் என்ன, மணிமேகலையில கடல் கொண்டதுன்னு இருக்கா இல்லையா? உலகத்துக்கு நாகரிகம் குடுத்தவன் குமரிக்கண்டத்து தமிழன். அதை தோண்டி எடுத்தா வரலாறே மாறிடும்னுதான் மூடி மறைக்கறாங்க. தோழர்களே சிந்தியுங்கள்.

சும்மா_பாக்குறேன்:
சாளக்கிராமம் ஆன்லைன்ல செம வெலை போவுதே, கல்லை குடுக்கறீங்களா பாஸ் 😄

ஜியாலஜி_அக்கா:
சும்மா பாக்குறேன் தம்பி, சும்மாவே பாருங்க.

ஆழிசூழ் தம்பி, குமரிக்கண்டத்தோட சேத்து சொல்ற லெமூரியாங்கற பேரு எங்கேருந்து வந்துச்சு தெரியுமா? 1864ல ஸ்க்லேட்டர்னு ஒரு விலங்கியல்காரர், மடகாஸ்கர்ல லெமூர்னு குரங்கு மாதிரி ஒரு பிராணி இருக்கு, அதோட சொந்தக்காரங்க இந்தியா பக்கமும் இருக்காங்க (நம்ம தேவாங்கு), நடுவுல இவ்வளவு கடல், அப்ப ஒரு நிலம் இருந்து முழுகியிருக்கணும்னு யூகிச்சாரு. லெமூருக்காக போட்ட பாலம் அது, அதுல நம்மாளுங்க சங்கத்தை ஏத்திட்டாங்க. நிலமே நகருதுன்னு பின்னாடி தெரிஞ்சதும் அந்தப் பாலம் தேவையில்லாம போச்சு. இந்தியாவும் மடகாஸ்கரும் பிரிஞ்சப்ப மனுசனே கிடையாது, டைனோசர் காலம்.

ஆனா கடல்கோள் பொய்யின்னு நான் சொல்லவே இல்ல. 20,000 வருஷத்துக்கு முன்னாடி பனிக்காலத்துல கடல் இப்ப இருக்கறதை விட சுமார் 120 மீட்டர் கீழ. கோடியக்கரையிலேருந்து யாழ்ப்பாணத்துக்கு செருப்பு நனையாம நடந்து போயிருக்கலாம். பனி உருகி தண்ணி ஏற ஏற கரை உள்ள வந்துகிட்டே இருந்துச்சு, அதை பாத்த மனுசங்க இருந்திருக்காங்க. அந்த ஞாபகம்தான் கதையாச்சான்னு சத்தியம் பண்ண என்னால முடியாது, ஆனா நிலம் முழுகினது நெசம். பூம்புகார்ல கீழையூர்ல செங்கல்லு படகுத்துறை தோண்டி எடுத்தாங்களே, அந்த மரக்கம்பத்தோட வயசு கி.மு. 3ம் நூற்றாண்டு வாக்குல. கடலுக்குள்ளயும் தேடியிருக்காங்க. அது போதாதா? பெருமை வேணும்னா திருவள்ளூர் பக்கம் அதிரம்பாக்கம் போங்க, 15 லட்சம் வருஷத்துக்கு முந்தின கல்லுக்கருவி. ஆனா அதை செஞ்சவன் தமிழ் பேசல, மனுச இனமே நம்ம இனம் இல்ல. இங்கதான் நெறைய பேருக்கு சுவாரசியம் போயிடுது.

சிவப்புத்துண்டு:
எல்லாரும் கடந்த காலத்துல தங்கத்தை தேடறீங்க. எங்க வீட்டுக் கணக்கை கொஞ்சம் சொல்லிடறேன்.

எங்க தாத்தா கீழத்தஞ்சையில பண்ணையாள். வேலைக்கு லேட்டா போனா சவுக்கடி, எதுத்து பேசினா சாணிப்பால் (சாணியை கரைச்சு குடிக்க வைக்கிறது). கூலின்னு மரக்கால்ல அளந்து போடறதுலயும் பதரு. நாங்க பொறந்ததுக்கே முன்ஜென்ம பாவம்னு காரணம் வச்சிருந்தாங்க, எவ்வளவு வசதி பாருங்க, அடிக்கறவனுக்கு பாவமே இல்ல, வாங்குறவன் போன ஜென்மத்து கடனை அடைக்கிறான். வெண்மணியில 1968 டிசம்பர் 25 ராத்திரி 44 பேரை குடிசையில வச்சு எரிச்சாங்களே, அவங்களுக்கு எந்த யுகம் பொற்காலம்? ராஜராஜன் காலம்னு சொல்லாதீங்க, பெரிய கோயில் கல்வெட்டுலயே தீண்டாச்சேரி, பறைச்சேரின்னு தனியா எழுதியிருக்கு, வரியில்லாத நிலம்னு பட்டியல் போடறப்ப. கல்லுல வெட்டின சாட்சி, நான் சொல்லல.

அதனால எங்க தாத்தாவுக்கு பின்னாடி திரும்பி பாக்க ஒண்ணுமில்ல. முன்னாடிதான். செங்கொடி ஏத்தறப்ப அழுவாரு, இவ்வளவு நாள் இருந்தது கழிஞ்சு போற கட்டம், வரப்போறதுதான் மனுசன் வாழற காலம்னு சங்கத்துல சொல்லிக்குடுத்ததை அப்படியே நம்பினாரு. 1952ல பண்ணையாள் பாதுகாப்பு சட்டம் வந்தப்ப விடிஞ்சுடுச்சுன்னே நெனைச்சாராம். சீனு சாருக்கு கிருதயுகம் பின்னாடி இருக்கு, எங்க தாத்தாவுக்கு முன்னாடி இருந்துச்சு, அவ்வளவுதான் வித்தியாசம்னு சில சமயம் தோணுது. எனக்கு அந்த நம்பிக்கை கொஞ்சம் கழண்டுகிட்டுதான் வருது, தாத்தா போட்டோவ பாக்க கூச்சமா இருக்கு.

கடைமடைக்காரரே, நிலத்தை எங்கப்பன் பாட்டன் ரத்தம் சிந்தி கேட்டாங்க. கலி முத்திப்போச்சுன்னு விக்கிறதுக்கு எங்ககிட்ட அரை மா கூட இல்ல.

கும்பகோணம்_சீனு:
தோழர், இதுக்கு என்கிட்ட பதில் இல்ல. யுகக் கணக்கை நான் கணக்கா மட்டுமே படிச்சவன். அதை வச்சு யாரையும் அடிச்சதை நியாயம் பண்ண நான் வரல.

சிவப்புத்துண்டு:
உங்களை சொல்லல சார். பேச்சு வந்ததுல சொன்னேன்.

நாகூர்_காத்து:
அஸ்ஸலாமு அலைக்கும், எல்லா ஊரு ஆளும் இருக்கீங்க, நாகூரு இல்லாம எப்படி.

எங்க வீட்லயும் இதே கதைதான். நூஹ் நபி கப்பல், ஆதம் நபி இறங்குன எடம் இலங்கையில பாவா ஆதம் மலை. அதே மலையை சிங்களவங்க புத்தர் பாதம்ங்கறாங்க, நம்ம சைவ ஆளுங்க சிவனொளிபாதம்ங்கறாங்க. ஒரு பள்ளத்துக்கு இத்தனை சொந்தக்காரங்க. உங்க கல்லுக்கு மூணுதான், சந்தோஷப்படுங்க.

கியாமத்து நாள் உண்டுன்னு நம்புறவன் நான். கடைசி நாள் எப்பன்னு எவனுக்கும் தெரியாது, அது அல்லாவோட வேலை. ஆனா எங்க வாப்பா ஒரு ஹதீஸ் (நபி வாக்கு) அடிக்கடி சொல்லுவாங்க, கியாமத்தே வந்துட்டாலும் உன் கையில ஒரு கன்னு இருந்து அதை நட நேரம் இருந்தா நட்டுட்டு போன்னு. சின்னப்புள்ளையில எனக்கு இது புரியவே இல்ல, உலகம் முடியறப்ப யாரு அதுல காய் பறிக்கிறது? 2018 நவம்பர் கஜா புயல்ல வாப்பாவோட தென்னந்தோப்பு வேதாரண்யம் பக்கம் ஒரே ராத்திரியில படுத்துடுச்சு, ஒரு மரம் மிச்சமில்ல. அப்ப அவங்களுக்கு 69. நாலு மாசம் கழிச்சு போயி பாக்குறேன், மறுபடி கன்னு வச்சுகிட்டு இருக்காங்க. "நீங்க எளநி குடிக்கவா போறீங்க"ன்னு கேட்டுட்டேன், கேட்டிருக்கக் கூடாது. "நான் குடிச்சதெல்லாம் நான் வச்சதா?"ன்னாங்க. அதுக்கு மேல பேசல.

உங்க அப்பாவும் கடைசி காலம் வரும்னு நம்புறாரு, எங்க வாப்பாவும் நம்புனாங்க. அவரு வித்துடுங்கறாரு, இவங்க கன்னு வச்சாங்க. அதனால குத்தத்தை யுகத்து மேல போடாதீங்க அண்ணே, ஆளைப் பொறுத்தது. அப்பாவுக்கு உடம்பு எப்படி இருக்கு? அவரு களைச்சுப் போயிருக்காரோ என்னமோ.

தரங்கை_கடலோரம்:
பாய் சொன்ன கடைசி வரி எனக்கு பட்டுச்சு.

நானும் சபைக்கு போறவன்தான், ஸ்கூல்ல சயின்ஸ் எடுக்கறவனும்தான். எங்க தாத்தா வச்சிருந்த பழைய இங்கிலீஷ் பைபிள்ல ஓரத்துல சின்ன எழுத்துல வருஷம் போட்டிருக்கும், சிருஷ்டி கி.மு. 4004, வெள்ளம் 2348. அது வேதத்துல உள்ளது இல்ல, அயர்லாந்துல உஷர்னு ஒரு பேராயர் 17ம் நூற்றாண்டுல கூட்டிப் போட்ட கணக்கு. அச்சுல வந்ததுனாலயே பல பேரு அதையும் வேதம்னு எடுத்துக்கிட்டாங்க. ஜெர்மன் பாதிரி சீகன்பால்க் 1706ல எங்க ஊரு தரங்கம்பாடி கரையில வந்து எறங்கினப்ப உலகத்தோட வயசு அவருக்கு அவ்வளவுதான் இருந்திருக்கும், இங்க அய்யருமாருங்க கோடியில பேசறதை கேட்டு என்ன நெனைச்சிருப்பாருன்னு யோசிச்சா சிரிப்பு வருது. நான் வகுப்புல 454 கோடி சொல்லிக்குடுக்கறேன், ஞாயித்துக்கெழமை ஆதியாகமமும் வாசிக்கிறேன். ரெண்டும் ஒரே கேள்விக்கு பதில் இல்லன்னுதான் என் மனசுல வச்சிருக்கேன். எதிர்வீட்டு அண்ணன் ஒத்துக்க மாட்டாரு, பரவால்ல.

ஆனா எனக்கு சில பதில் ஆவாது. 2004 டிசம்பர் 26, ஞாயித்துக்கெழமை, சுனாமி. நாகை மாவட்டத்துல மட்டும் ஆறாயிரம் பேருக்கு மேல செத்தாங்க. ஒரு வாரத்துக்குள்ள ஆரம்பிச்சுட்டாங்க, பாவத்துக்கு தண்டனைன்னு ஒருத்தர், கடைசி கால அடையாளம்னு ஒருத்தர், கலின்னு ஒருத்தர், இந்திர விழா எடுக்கல அதான் பூம்புகார் மாதிரின்னு மணிமேகலையை இழுத்தவங்களும் உண்டு. எங்க ஆளுங்களும்தான் சொன்னாங்க. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் வேளாங்கண்ணி மாதாவ பாக்க வந்தவங்க என்ன பாவம் பண்ணாங்க? எங்க தெருவுல புள்ளைய பறிகொடுத்த ஒரு அம்மாகிட்ட ஒருத்தர் போயி இதை சொன்னாரு. அந்த அம்மா ஒண்ணும் சொல்லல, எழுந்து உள்ள போயி கதவை சாத்திக்கிச்சு. அன்னிக்கிலேருந்து யாரு எந்தப் பேரழிவுக்கு காரணம் சொன்னாலும், அதை யாரு மூஞ்சிய பாத்து சொல்ல முடியும்னு யோசிச்சிட்டுதான் காதுல வாங்குவேன்.

எங்க ஊரு மாசிலாமணிநாதர் கோயில் 1306ல மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்துல கட்டினது, கடலு முன்பக்கத்தை தின்னுடுச்சு. கோபமும் இல்ல தண்டனையும் இல்ல, கரை அரிக்குது.

கருஞ்சட்டை_மாயவரம்:
இவ்வளவு பேசிட்டு யாரும் வைத்தீஸ்வரன்கோயில் நாடி ஜோசியத்தை சொல்லலியே! எதிர்காலம் ஓலையிலயே எழுதி ரெடியா இருக்கு, கட்டைவெரல் ரேகை குடுத்தா போதும். நிலத்தை விக்கலாமா வேணாமான்னும் அதுலயே இருக்கும், பரிகாரம் தனி ரேட்டு.

கிண்டல் போவட்டும். நம்ம ஊரு சிந்தனையில வரப்போற காலத்தை பத்தி தைரியமா கற்பனை பண்ணினவரு பெரியார். 1940கள்லயே இனிவரும் உலகம்னு பேசினாரு, ஆளுக்கு ஒரு கம்பியில்லா பேச்சு சாதனம் சட்டைப்பையில இருக்கும், ஆம்பள பொம்பள சேராமலே புள்ள பெத்துக்கலாம், மெஷினு வந்து மனுசன் கஷ்டமான உழைப்பு கொறைஞ்சுடும்னு. ரெண்டு நடந்துடுச்சு, இப்ப நீங்க கையில வச்சிருக்கறதுலதான் இதை படிக்கிறீங்க. முன்னோர் எல்லாம் தெரிஞ்சவங்கன்னு ஆரம்பிச்சா நமக்கு வேலையே இல்ல, அவங்க சொன்னதை மனப்பாடம் பண்றதுதான் வேலை. நாளைக்கு வர்றவன் நம்மளை விட புத்திசாலின்னு நெனைச்சாதான் ஏதாவது செய்யத் தோணும்.

சிவப்புத்துண்டு:
மெஷினு வந்துச்சுங்க அண்ணே. எங்க ஊருல கதிர் அறுக்கற மெஷினு வந்து பொம்பளைங்களுக்கு அறுப்பு கூலியே இல்லாம போச்சு. கஷ்டமான உழைப்பு போச்சு, சோறும் கூடவே போச்சு. அதையும் சேத்து யாராவது கற்பனை பண்ணியிருக்கணும்.

கருஞ்சட்டை_மாயவரம்:
மெஷினு யாரு கையிலங்கறது வேற கேள்வி, நீங்கதான் அதுக்கு பதில் சொல்லணும் தோழரே, உங்க கட்சி வேலை அது 🙂

கரந்தை_நயினார்:
தஞ்சாவூர் கரந்தையில ஆதீஸ்வரர் கோயில் பக்கத்து ஆளு நான். தமிழ் சமணர்னு ஒரு கூட்டம் இன்னும் இங்க இருக்கோம், பல பேருக்கு தெரியாது.

எங்க கணக்குல உலகத்தை யாரும் படைக்கல, யாரும் அழிக்கவும் மாட்டாங்க. காலம் ஒரு சக்கரம், இறங்கி வரும், ஏறிப் போவும். இப்ப இறங்கற பாதியில ஐந்தாவது காலம், 21,000 வருஷம், அதுல 2,500 வருஷம் சொச்சம் ஆச்சு. அடுத்தது இன்னும் மோசம், மனுசன் ஒரு முழ உயரத்துல குகையில ஒளிஞ்சு கிடப்பான். ஆனா அதுக்கப்பறம் மறுபடி ஏறும். இதை கேட்டு வளந்ததுனால எனக்கு பொற்கால ஏக்கமும் பெருசா இல்ல, கடைசி நாள் பயமும் இல்ல. எறும்பை மிதிக்காம நடன்னுதான் எங்க அம்மா சொல்லிக்குடுத்தாங்க. அம்மோனைட்டும் ஒரு உயிர்தான், அதை பாத்து பத்திரமா வச்ச உங்க அப்பாவுக்கு வணக்கம்.

கல்வெட்டுக்_கிறுக்கன்:
லேட்டா வந்துட்டேன். சோழன் எதிர்காலத்தை எப்படி பாத்தான்னு ஒரு வார்த்தை. எந்த தானம்னாலும் கல்வெட்டுல "சந்திராதித்தவல்"னு முடிப்பான், சூரியனும் சந்திரனும் உள்ள வரைக்கும்னு. கோயில்ல ஒரு நந்தா விளக்கு எரியறதுக்கு 96 ஆடு குடுப்பாங்க, அதுக்கு பேரு சாவா மூவாப் பேராடு! செத்தா குட்டி அந்த எடத்துக்கு வரும், மந்தை எண்ணிக்கை கொறையாது, நெய்யி நிக்காது, விளக்கு அணையாது. கலியுகத்துல பொறந்தோம்னு தெரிஞ்சே இப்படி எழுதியிருக்கான் பாருங்க. எனக்கு இதை படிக்கிறப்ப எல்லாம் சிலிர்க்கும்.

நாகப்பட்டினத்து சூளாமணி புத்த விகாரம் சுமத்ரா பக்கத்து ஸ்ரீவிஜய அரசன் கட்டினது, ராஜராஜன் ஆனைமங்கலம் ஊரையே அதுக்கு விட்டான், லெய்டன் செப்பேட்டுல இருக்கு. அங்க மிச்சமிருந்த கோபுரத்தை 1867ல இடிச்சாங்க. சந்திரன் சூரியன் ரெண்டும் அப்படியே இருக்கு.

ஜியாலஜி_அக்கா:
கிறுக்கன் அண்ணே, சாவா மூவாப் பேராடு... இன்னிக்கி இதை கட்டாயம் எங்க வீட்ல சொல்லுவேன்.

நிலத்துக்கு வர்றேன், ஏன்னா அதான் கேள்வி. டெல்டாங்கறதே ஆறு கொண்டாந்து கொட்டுன வண்டல். தோண்டிப் பாருங்க, களியும் மணலுந்தான், ஒரு கல்லு கிடைக்காது. பெரிய கோயிலுக்கே கல்லை வெளியிலேருந்துதான் கொண்டாந்தாங்க. உங்க அப்பாவுக்கு ஒரு கல்லு இவ்வளவு பெருசா தெரியறதுக்கு அதுவும் காரணமா இருக்கும்! புது வண்டல் வந்துகிட்டே இருந்தாத்தான் டெல்டா கடலுக்கு ஈடு குடுக்கும். 1934ல மேட்டூர் கட்டினாங்க, அப்பறம் மேல இன்னும் அணை, வண்டல் அங்கயே தங்கிடுது. வர்ற கொஞ்சநஞ்ச மணலையும் லாரியில அள்ளியாச்சு. நல்ல தண்ணிய போர் போட்டு உறிஞ்ச உறிஞ்ச கடல் தண்ணி கீழயே உள்ள வருது. இது போதாதுன்னு உலகம் சூடாவுறதுல கடல் மட்டமும் ஏறுது. நாகை பக்கம் நரிமணத்துல எண்ணெய் எடுக்கறாங்களே, அதுவே அந்த பழைய கடலோட சேத்துல செத்துப்போன உசுருங்கதான். உங்க பூசையறை கல்லோட காலத்து ஆளுங்க. அவங்களை எரிச்சு இப்ப புதுக் கடலை கூப்பிட்டுக்கிட்டிருக்கோம்.

அதனால கடல் வரும்னு அப்பா சொல்றது சரி. கலியாலன்னு சொல்றதுலதான் எனக்கு சண்டை. கலின்னு சொல்லிட்டா மணல் அள்ளினவன் பேரு வெளிய வராம போயிடும், தோழர் சொன்ன அந்த முன்ஜென்ம பாவக் கதைதான் இதுவும். அதுவுமில்லாம 10 கோடி வருஷத்து கடல் வேற, இது வேற. அதுக்கு மனுசன் காரணம் இல்ல, ஆறஅமர வந்துச்சு. இதுக்கு நாம காரணம், அவசரமா வருது. என் பக்கத்து ஆளுங்கள்லயும் இதை கொழப்பறவங்க உண்டு, "பூமி எத்தனையோ பாத்துடுச்சு, இதுவும் போவும்"னு தத்துவம் பேசுவாங்க. பூமி பாத்துடும். சம்பா பயிரு பாக்குமா?

விக்கறதா வேணாமான்னு நான் சொல்ல மாட்டேன், உங்க வீட்டு கஷ்டம் எனக்கு தெரியாது. இறா குட்டை வந்தா பக்கத்து வயலும் உப்பாவும்ங்கறதை மட்டும் தம்பிகிட்ட சொல்லுங்க.

ஆழிசூழ்_தமிழன்:
அக்கா, அதிரம்பாக்கம் பத்தி தமிழ்ல எங்க படிக்கலாம்? (குமரிக்கண்டத்தை விட்டுட்டேன்னு அர்த்தம் இல்ல.)

கடைமடைக்காரன்:
எல்லாருக்கும் நன்றி. மூணு நாளா படிச்சு படிச்சு அப்பாவுக்கும் வாசிச்சு காட்டினேன். கும்பகோணத்து அண்ணன் கணக்கை கேட்டுட்டு, "நாலு லட்சம் வருஷம் பாக்கியா? அவ்வளவு நாள் உப்பு தண்ணியா?"ன்னு சிரிச்சாரு. வெண்மணி பேச்சு வந்தப்ப வாசிக்கறதை நிறுத்த சொல்லிட்டாரு. கொஞ்ச நேரம் கழிச்சு அவரே, "நமக்கு அப்ப 17 வயசு, தெரியும்"னாரு, வேற ஒண்ணும் சொல்லல.

நாகூர் பாய், நீங்க கேட்டது சரிதான். அப்பாவுக்கு முட்டி வலி, வயலுக்கு போயி ஒரு வருஷமாச்சு. கலி முத்தினது அப்பதான் ஆரம்பிச்சிருக்கும்னு இப்ப தோணுது. பத்திரத்தை எடுக்கறதை தை வரைக்கும் தள்ளிட்டோம், சம்பா அறுத்துட்டு பாப்போம்னு தம்பிகிட்ட சொன்னேன், கோவமா போனை வச்சிட்டான்.

கல்லு மேட்டருதான் முடியல. மியூசியத்துக்கு குடுத்துடலாம்னு பொண்ணு ஒத்துக்கிச்சு, தாத்தா மாட்டேங்கறாரு, மார்கழி முடியட்டும்ங்கறாரு. அக்கா, ஒரே ஒரு கேள்வி. தினம் பால், தயிரு, எலுமிச்சம்பழச் சாறுன்னு அபிஷேகம் நடக்குது. கல்லுக்கு ஒண்ணும் ஆவாதே?

ஜியாலஜி_அக்கா:
ஐயய்யோ! தயிரும் எலுமிச்சையும் உடனே நிறுத்துங்க தம்பி. அந்தக் கல்லுல சுண்ணாம்புச் சத்து இருக்கும், புளிப்பு பட்டா கரையும், மொதல்ல அந்த வரிதான் அழியும். தண்ணியும் துளசியும் போதும்னு ஐயாகிட்ட சொல்லுங்க. சக்கரம் தேஞ்சிடும்னு சொன்னா கேப்பாரு.